கரும்புள்ளி செம்புள்ளி

கோக்கர்ஸ் வாக்கில் மேகம் இல்லாத இரவு வாய்ப்பது அபூர்வம். வாய்த்தால், கீழே பெரியகுளத்து விளக்குகள் தெரியும். வைகை அணைக்கும் அப்பால், அடிவானத்தில், சாம்பல் மூடிய தணல்போல ஒரு வெளிச்சம் கிடக்கும். மதுரை என்பார்கள். மே மாதக் கூட்டத்தில் வந்து நிற்பவர்கள் அதைப் பார்த்துவிட்டு ஒரே விஷயத்தைத்தான் விதவிதமாகச் சொல்கிறார்கள்: அங்கே வெட்டு, குத்து, வழிப்பறி, இங்கே என்ன ஓர் அமைதி. இருபத்திரண்டு வருஷமாக இந்தப் பேச்சைக் கேட்டுக்கொண்டிருக்கிறேன். கொடைக்கானலே இப்படி ஓர் எண்ணத்தில் பிறந்த ஊர்தான். 1845-ல் மதுரையிலிருந்த அமெரிக்கப் பாதிரிமார்கள் காய்ச்சலுக்கும் சாவுக்கும் பயந்து மலையேறி வந்து இரண்டு பங்களாக்கள் கட்டினார்கள். கீழே இருப்பது நோய். மேலே வந்தால் சுகம். நோய் என்ற இடத்தில் இப்போது குற்றம் என்று போட்டுக்கொண்டோம். வாக்கியம் மாறவில்லை.

நானும் அந்த வெளிச்சத்திலிருந்து ஏறி வந்தவன்தான். அதற்கான காரணம் பின்னால் வரும்.

ஏரியைத் தாண்டி மேற்கே முகட்டில் இருக்கிறது சூரிய ஆய்வுக்கூடம். சென்னை நுங்கம்பாக்கத்தில் 1792 முதல் இருந்த வானாய்வின் வேலையை 1899-ல் இங்கே கொண்டு வந்தார்கள். இருபதாம் நூற்றாண்டின் ஆரம்பத்திலிருந்து சூரியனின் முகத்தைக் கண்ணாடித் தகடுகளில் பதிந்துகொண்டே வந்திருக்கிறார்கள். மேகம் மறைத்த நாட்கள் நீங்கலாக. 1909 ஜனவரியில் ஜான் எவர்ஷெட் இங்கேதான் அந்தக் கண்டுபிடிப்பைச் செய்தார். சூரியனிலுள்ள கரும்புள்ளியின் நடுவிலிருந்து விளிம்பை நோக்கி வாயு பாய்கிறது என்பதை நிறமாலைக் கோடுகளின் நகர்விலிருந்து கண்டார். இன்றும் அது அவர் பெயரால் அழைக்கப்படுகிறது.

அதே 1909-ல் சென்னையில் இன்னொரு அளவைக்காரரின் வேலை அச்சேறியது. எட்கர் தர்ஸ்டன் எழுதிய 'தென்னிந்தியக் குலங்களும் குடிகளும்', ஏழு தொகுதிகள். தர்ஸ்டன் எழும்பூர் அருங்காட்சியகத்தின் தலைவராக இருந்தவர். பட்டணத்து ஜனங்கள் 'செத்த காலேஜ்' என்று பெயர் வைத்திருந்த அந்தக் கட்டிடத்தில், உயிரோடு இருந்த மனிதர்களின் மூக்கை அவர் அளந்தார். நெற்றி, தலைச் சுற்றளவு, மூக்கின் அகலத்துக்கும் உயரத்துக்குமுள்ள விகிதம். அளவெடுக்கும் வித்தையைச் சென்னைப் போலீஸாருக்கும் சொல்லிக் கொடுத்தார். இத்தாலியில் லொம்ப்ரோஸோ 1876-ல் குற்றவாளி என்பவன் பிறவியிலேயே அப்படி, முகத்திலேயே எழுதியிருக்கும் என்று சொல்லியிருந்தார். நம் ஊரில் அந்தச் சரக்கு ஜாதிக் கணக்கோடு சேர்ந்துகொண்டது. ஐரோப்பாவில் தனி மனிதனின் தாடை. இங்கே ஒரு சமூகம் முழுவதன் தாடை.

நம் கிராமங்களில் தப்பு செய்தவனுக்குக் கரும்புள்ளி செம்புள்ளி குத்திக் கழுதைமேல் ஏற்றி ஊர்வலம் விடுவது பழைய தண்டனை. அதில் ஒரு நேர்மை இருந்தது. குத்தியது நாங்கள்தான் என்று ஊருக்குத் தெரியும். புள்ளி அவனோடு பிறந்தது என்று யாரும் சொல்லவில்லை. குளித்தால் போய்விடும். விஞ்ஞானம் வந்த பிறகு புள்ளி தோலுக்கு உள்ளே போய்விட்டது.

சூரியனின் கரும்புள்ளி உண்மையில் கருப்பே இல்லை என்பது எவர்ஷெட்டுக்குத் தெரியும். சுற்றியிருப்பதைவிடச் சூடு கொஞ்சம் குறைவு, அவ்வளவுதான். தனியே பிய்த்து எடுத்து வைத்தால் அதுவும் கண்ணைக் கூச வைக்கும் வெளிச்சம். சுற்றிலும் இருக்கிற பிரகாசம்தான் அதைக் கருப்பாகக் காட்டுகிறது. தர்ஸ்டனும் எவர்ஷெட்டும் சந்தித்துப் பேசியிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று சில சமயம் வேடிக்கையாக யோசிப்பேன். ஒன்றும் ஆகியிருக்காது. ஆராய்ச்சியாளர்கள் அவரவர் துறையில் மட்டுமே புத்திசாலிகள்.

தர்ஸ்டன் தனி மனிதர் அல்ல. அவருக்கு முன்பே, 1892-ல், முல்லாலி என்ற போலீஸ் அதிகாரி சென்னை ராஜதானியின் குற்ற வகுப்பினரைப் பற்றி ஒரு கைப்புத்தகம் எழுதிவிட்டார். பின்னால் நம்மவரான பாப்பாராவ் நாயுடு, ரயில்வே போலீஸில் இருந்தவர், ரயில் திருடர்களின் வரலாறு ஒன்றை ஆங்கிலத்தில் எழுதினார். பூச்சியியல் புத்தகம்போல இருக்கும் இவை. இன்ன வகுப்பார் இன்ன கருவி வைத்திருப்பார்கள், இன்ன வேஷம் போடுவார்கள், இன்ன ரகசியச் சொல் பேசுவார்கள். படிக்க சுவாரஸ்யமாக இருப்பதை மறுப்பதற்கில்லை. கதை எழுதுகிறவனுக்கு எச்சில் ஊறும். அந்த ருசியில்தான் விஷமே இருக்கிறது.

இந்த வகை எழுத்தை வெள்ளைக்காரனோடு ஆரம்பிப்பது சோம்பேறித்தனம். தமிழில் இதற்கு முன்மாதிரி இருக்கிறது. கீழே தெரிகிற அதே மதுரையில், சிலப்பதிகாரத்தின் கொலைக்களக் காதையில். கோவலனைக் கொல்ல வந்த காவலர்கள் அவனைப் பார்த்ததும் தயங்குகிறார்கள். இவன் தோற்றம் திருடன் தோற்றமாக இல்லையே என்கிறார்கள். அப்போது பொற்கொல்லன் சிரித்துவிட்டு ஒரு பிரசங்கம் செய்கிறான். அது வசை அல்ல, ஆராய்ச்சிக் கட்டுரை. களவுக்கென்று நூல் உண்டு. அந்த நூல் வழி நடக்கிற கள்வருக்கு மந்திரம் முதல் கருவி வரை எட்டுத் துணைகள் உண்டு என்று பட்டியல் போடுகிறான். ஒவ்வொன்றுக்கும் விளக்கம் தருகிறான். பிறகு ஓர் உதாரணக் கதை: தூதன் வேஷத்தில் அரண்மனை புகுந்து, தூங்கும் இளவரசன் மார்பிலிருந்து ஆரத்தைக் கவர்ந்து, அவன் வாளை உறையில் வாங்கி, தூண் மறைவில் மாயமாய்ப் போன ஒருவனின் கதை. கேட்டுக்கொண்டிருந்த காவலர்களில் ஓர் இளைஞனுக்கும் சொந்த அனுபவம் ஒன்று ஞாபகம் வந்துவிடுகிறது. அவனும் ஒரு மழையிரவுக் கதை சொல்கிறான். கதைமேல் கதை. இந்தக் கதைகளில் எதுவும் கோவலனைப் பற்றியது அல்ல. இதற்குள் எழுத்தறிவில்லாத ஒரு குடியன் வாளை வீசிவிடுகிறான்.

அரசியின் சிலம்பைத் திருடியவன் அந்தப் பொற்கொல்லனே என்பது காதைக்குப் பின்னணி. தமிழின் முதல் குற்றவியல் நிபுணன் திருடன். முதல் குற்றவியல் நூல் ஒரு நிரபராதியைக் கொல்லப் பயன்பட்டது. இளங்கோ இதை வியாக்கியானம் செய்யாமல் விட்டுவிட்டுப் போகிறார். நம் பண்டிதர்கள் அந்த எட்டுத் துணைகளுக்கு உரை எழுதினார்கள். அந்த நேரத்தில் காவலர்களின் தயக்கம் எங்கே போயிற்று என்று கேட்டவர் குறைவு. எனக்கு அந்தக் காதையின் மையம் வாள் அல்ல, அந்தத் தயக்கம்தான். கண் சொன்னதைப் புத்தகம் அழித்துவிட்ட நிமிஷம்.

1871-ல் வட இந்தியாவில் கொண்டுவந்த குற்றப் பரம்பரைச் சட்டம், 1911-ல் புதுப்பிக்கப்பட்டு சென்னை ராஜதானிக்கும் வந்தது. கீழே உசிலம்பட்டிப் பக்கம் அதைக் 'கைரேகைச் சட்டம்' என்றே சொல்வார்கள். சட்டத்தின் பெயரில் இருந்த தத்துவத்தை ஜனங்கள் உதறிவிட்டு, தங்கள் விரலில் ஒட்டிய மையைப் பெயராக வைத்துக்கொண்டார்கள். ரேகை பதிந்தவன் இரவில் ஸ்டேஷனில் ஆஜராக வேண்டும். வெளியூர் போக ராதாரிச் சீட்டு வேண்டும். 1920 ஏப்ரல் 3-ல் பெருங்காமநல்லூரில் ரேகை வைக்க மறுத்தவர்களைச் சுட்டார்கள். செத்தவர்களில் மாயக்காள் என்ற பெண்ணும் உண்டு. இது நடந்தது இந்த மலையின் தெற்கே, மேகமில்லாத பகலில் கண்ணுக்கு எட்டும் சமவெளியில். அந்த வருஷமும் மேலே தகடுகளில் கரும்புள்ளிகளைப் பதிந்துகொண்டிருந்தார்கள்.

பின்னால் நல்ல ஆராய்ச்சிகளும் வந்தன. பிரெஞ்சுக்காரர் லூயி துமோன் அந்த மக்களிடையே தங்கி, 1957-ல் பிரமலைக் கள்ளரைப் பற்றிப் பெரிய நூல் எழுதினார். அதில் அவர்கள் உறவுமுறை, கோயில், கல்யாணம் உள்ள மனிதர்களாக வருகிறார்கள். ஆனந்த் பாண்டியன் கம்பம் பள்ளத்தாக்கை வைத்து 2009-ல் எழுதிய நூல், திருட்டுக்கும் உழவுக்கும் நடுவே ஒரு சமூகத்தைத் திருத்துகிறோம் என்ற பெயரில் நடந்ததை நிதானமாகப் பார்க்கிறது. நாவலாசிரியர் சு. வெங்கடேசனின் 'காவல் கோட்டம்' (2008) காவலும் களவும் ஒரே கையின் இரண்டு பக்கம் என்பதை மதுரை நகரத்துக்கே வரலாறாக எழுதிக் காட்டியது. அதில் எனக்கு ஒரு சங்கடம் உண்டு. களவின் சாகசம் சில இடங்களில் அவ்வளவு அழகாகிவிடுகிறது. பொற்கொல்லன் சொன்ன கதையின் மயக்கம் அதிலும் ஒட்டியிருக்கிறது. இகழ்ச்சிக்காகச் சொன்னதைப் பெருமைக்காகச் சொன்னாலும், ஒருவனைப் பார்ப்பதற்கு முன் அவன் கூட்டத்தின் கதையைக் கேட்டுவிடுகிறோம். ஆனாலும் அந்த நாவல் வராமல் இருந்திருந்தால் தர்ஸ்டன் மட்டுமே மிஞ்சியிருப்பார்.

இனி என் கதை. 1979-ல் மதுரையில் ஒரு மாலைப் பத்திரிகைக்குப் பகுதிநேர நிருபராக இருந்தேன். எனக்கு வயது இருபத்து மூன்று. நாலு கவிதைகள் சிறு பத்திரிகைகளில் வந்திருந்தன. யதார்த்தத்தை நேராகச் சந்திக்கிறேன் என்ற கர்வம் வேறு. தினமும் மாலை நாலு மணிக்குள் நாலைந்து ஸ்டேஷன்களுக்குச் சைக்கிளில் போய் வர வேண்டும். தமிழ்நாட்டில் குற்றத்தை முதலில் எழுதுகிற எழுத்தாளர் புதுமைப்பித்தனும் இல்லை, தமிழ்வாணனும் இல்லை. ஸ்டேஷன் ரைட்டர். அந்த உத்தியோகத்தின் பெயரே அதுதான். அவர் எழுதும் நடை எனக்கு இன்றும் மனப்பாடம். 'மேற்படி எதிரி மேற்படி இடத்தில் சந்தேகத்துக்கிடமான முறையில் பதுங்கியிருந்தபோது...' மனிதர்கள் அதில் நிற்பதில்லை, பதுங்குகிறார்கள். நடப்பதில்லை, திரிகிறார்கள். ஸ்டேஷனில் ஒவ்வொருவருக்கும் சரித்திரப் பதிவேடு உண்டு. இந்த நாட்டில் ஏழையின் வாழ்க்கையைச் சரித்திரம் என்று ஒப்புக்கொள்ளும் ஒரே ஸ்தாபனம் போலீஸ்தான். நாம் திட்டுவதற்குப் பயன்படுத்துகிற 'கேடி' என்ற சொல்கூட அந்தப் பதிவேட்டின் ஓர் ஆங்கிலச் சொற்றொடரின் இரண்டு முதலெழுத்துக்கள். கேடு என்ற தமிழ்ச் சொல்லோடு அது ஒட்டிக்கொண்டது தற்செயல். அந்தத் தற்செயலில் சொல்லுக்கு வேர் விட்டுவிட்டது.

ஒரு நாள் லாக்கப்பில் ஒருவரை ஜட்டியோடு உட்கார வைத்திருந்தார்கள். பாத்திரக்கடையில் மூட்டை தூக்குகிறவர். ஒரு வீட்டில் பூட்டை உடைத்ததாகக் கேஸ். நாற்பது வயது இருக்கும். கையால் தொடையை மறைத்துக்கொள்ளப் பார்த்தார். பார்த்தால் அப்படித் தெரியலையே என்று ரைட்டரிடம் கேட்டேன். கேட்டேன் என்பதை இங்கே அழுத்திச் சொல்கிறேன். பின்னால் என்னை நானே பலமுறை அதை வைத்துத்தான் மன்னித்துக்கொண்டேன். ரைட்டர் சிரித்தார். "தம்பி, மூஞ்சியப் பாக்காதீங்க. ஊரு எதுன்னு கேளுங்க." கேட்டேன். உசிலம்பட்டிக்குப் பக்கம். பிறகு அவர் டீ வாங்கிக் கொடுத்து, அந்தப் பக்கத்து ஆட்கள் சுவரில் கன்னம் வைப்பது எப்படி, நாய்க்கு என்ன போடுவார்கள் என்றெல்லாம் அரை மணி நேரம் சொன்னார். வாயைப் பிளந்து கேட்டேன். மறுநாள் 'பிரபல கேடி கைது' என்று என் செய்தி வந்தது. பெயர், தகப்பனார் பெயர், தெருப் பெயர் எல்லாம் சரியாக இருந்தன.

பதினான்கு மாதம் கழித்து அந்த மனிதர் பத்திரிகை அலுவலகத்துக்கு வந்தார். விடுதலையான தீர்ப்பின் நகல் கையில். கடையில் திரும்பச் சேர்க்கவில்லை என்றார். "சார், அதே எடத்துல போடவேணாம். ஏதாச்சும் ஒரு மூலையில ரெண்டு வரி." உதவி ஆசிரியரிடம் கொண்டுபோனேன். "விடுதலை எல்லாம் நியூஸ் இல்லப்பா" என்றார். நான் ஒன்றும் பேசவில்லை. வெளியே வந்து, பார்க்கிறோம் என்று சொல்லி அனுப்பிவிட்டேன். அந்த வேலையை இன்னும் ஒரு வருஷம் பார்த்தேன்.

கொலைக்களக் காதையை நான் ஒழுங்காகப் படித்தது அதற்குப் பிறகுதான்.

தமிழில் நகரக் குற்றம் எழுத்தாக மாறிய பெரிய சந்தர்ப்பங்கள் இரண்டு. முதலாவது 1944. 'இந்து நேசன்' என்ற மஞ்சள் பத்திரிகை நடத்திய லட்சுமிகாந்தன் நவம்பர் 8-ல் சென்னை வேப்பேரியில் குத்தப்பட்டு மறுநாள் இறந்தார். தியாகராஜ பாகவதரும் என். எஸ். கிருஷ்ணனும் தண்டனை பெற்று, வழக்கு லண்டன் பிரிவி கவுன்சில்வரை போய், 1947-ல் விடுதலையானார்கள். இதைப் பற்றி எழுதாதவர் இல்லை. பெரும்பாலும் பாகவதரின் வீழ்ச்சியாக எழுதுகிறார்கள். எழுத்தே கத்தியாக இருந்த ஒருவன் கத்தியால் செத்தான் என்ற பக்கம் இன்னும் சரியாக எழுதப்படவில்லை.

இரண்டாவது எனக்கு முக்கியமானது. 1952 ஆகஸ்ட் 28-ல் சென்னையில் ஆளவந்தார் என்பவர் கொலையானார். பாரிமுனைப் பக்கம் ஒரு பேனாக் கடையில் விற்பனைக்காரர், முன்னாள் ராணுவக்காரர். தலையில்லாத உடல் டிரங்குப் பெட்டியில், தனுஷ்கோடி போகும் ரயிலில் ஏற்றப்பட்டது. நாற்றம் தாங்காமல் பிரயாணிகள் புகார் செய்ய, மானாமதுரையில் பெட்டியை இறக்கித் திறந்தார்கள். தலை ராயபுரம் கடற்கரையில் கிடைத்தது. செத்தவரை அடையாளம் காட்டியவற்றில் ராணுவத்தில் பதிந்திருந்த கைரேகையும் ஒன்று. பிரபாகர மேனன், தேவகி என்ற தம்பதியர் மேல் வழக்கு நடந்தது. அவருக்கு ஏழு வருஷம், அவளுக்கு மூன்று வருஷம்.

தேதியைக் கவனியுங்கள். சென்னை ராஜதானியில் கைரேகைச் சட்டம் 1947-லேயே போய்விட்டது. நாடு முழுவதிலும் அது நீங்கியது 1952 ஆகஸ்ட் 31. ஆளவந்தார் கொலைக்கு மூன்று நாள் பின்பு. இதைத் தற்செயல் என்பதற்கு மேல் வைத்து ஜோஸ்யம் பார்க்க நான் தயாரில்லை. ஆனால் பாப்பாராவ் நாயுடுவின் ரயில் திருடர் புத்தகம் அந்த டிரங்குப் பெட்டிக்கு முன்னால் வாயடைத்து நிற்கிறது. ரயிலில் பெட்டியை வைத்தவர்கள் எந்தக் குற்ற வகுப்பையும் சேர்ந்தவர்கள் அல்லர். வாடகை வீடு, படிப்பு, மரியாதை உள்ள நடுத்தர வர்க்கம். உசிலம்பட்டிக்காரனுக்கு எடுத்த ரேகை, இங்கே கொல்லப்பட்டவனுக்குப் பெயர் கொடுத்தது.

வழக்கை விசாரித்த நீதிபதி ஏ. எஸ். பஞ்சாபகேச அய்யரே ஓர் எழுத்தாளர் என்பதைத் தமிழ் வாசகர்கள் மறந்துவிட்டார்கள். ஐ.சி.எஸ். காரர். 'பாலாதித்யா', 'மூன்று விதி மனிதர்கள்' என்று அர்த்தப்படும் தலைப்புள்ள இன்னொன்று என ஆங்கிலத்தில் சரித்திர நாவல்கள் எழுதினார். பஞ்சதந்திர ஹிதோபதேசக் கதைகளைத் திருப்பிச் சொன்னார். குப்தர், ஹூணர், சாணக்கியர், நரி, காகம் என்று அவர் கற்பனை ஓடியிருக்கிறது. தன் நீதிமன்றக் கூண்டில் நின்ற பேனாக்கடை, டிரங்குப் பெட்டி, மாதத் தவணைப் புடவை, இந்த நகரம் அவர் நாவலுக்குள் வரவில்லை. அந்தக் காலத்து எழுத்தாளர்களில் பலருக்கும் இதுதான் நேர்ந்தது. உத்தியோகத்தில் பார்த்ததை எழுத்தில் பார்க்கவில்லை. இலக்கியம் என்றால் வேறு வேட்டி கட்டிக்கொள்ள வேண்டும்.

எழுத்தாளர்கள் பார்க்கவில்லை என்பதும் முழு உண்மை அல்ல. நம் வட்டத்தில் எவரும் மதிக்காத ஒரு கூட்டம் பார்த்தது. ஜே. ஆர். ரங்கராஜு 1908-ல் 'ராஜாம்பாள்' எழுதினார். ஆரணி குப்புசாமி முதலியார், வடுவூர் துரைசாமி அய்யங்கார் எல்லாம் ரெய்னால்ட்ஸின் லண்டன் மர்மங்களை வேட்டி கட்டிக் கொண்டுவந்து தள்ளினார்கள். கலை என்று பார்த்தால் கையில் எடுக்க முடியாது. நானே எழுதியிருக்கிறேன் அப்படி. இப்போது மறுபடி படிக்கும்போது ஒன்று உறைக்கிறது. தர்ஸ்டன் அதே வருஷங்களில் குற்றத்தைச் சேரியிலும் கூடாரத்திலும் தேடினார். இந்த மலிவு நாவல்கள் மிராசுதார் வீட்டிலும் ஜமீன் பங்களாவிலும் வக்கீல் ஆபீசிலும் தேடின. உயில், சொத்து, பெண்ணை விலை பேசும் கிழட்டுப் பணக்காரன். அருங்காட்சியகத்து அறிஞரைவிட ரயில்வே ஸ்டேஷன் புத்தகக்கடைக்காரன் அதிக நியாயஸ்தனாக இருந்திருக்கிறான். இதை ஒப்புக்கொள்ள எனக்கு இருபது வருஷம் ஆயிற்று.

பிறகு வந்த தமிழ்வாணனின் சங்கர்லால், சுஜாதாவின் கணேஷ்-வசந்த் எல்லாம் வேறு சங்கதி. சுஜாதாவிடம் மொழியின் வேகம் உண்டு. நகரத்தின் சத்தம் காதில் விழும். ஆனால் குற்றம் அங்கே ஒரு கணக்கு. விடை கிடைத்ததும் சிலேட்டைத் துடைத்துவிடலாம். செத்தவனுக்காக எவரும் அழுவதில்லை, வசந்த் ஜோக் சொல்கிறான்.

புதுமைப்பித்தன் 'பொன்னகர'த்தில் கணக்கைத் தலைகீழாக்கினார். அந்தச் சந்தில் நடப்பது எந்தப் பதிவேட்டிலும் ஏறாது; ஆனால் வாசகனைக் கூண்டில் நிறுத்திவிடுகிறது. என்றாலும் புதுமைப்பித்தன் சந்தின் வாயில் நின்று நம்மோடு பேசுகிறார். ஜி. நாகராஜன் ஒருவர்தான் உள்ளே குடியிருந்தார். 'குறத்தி முடுக்கு' 1963, 'நாளை மற்றுமொரு நாளே' 1974. கணித ஆசிரியர், மார்க்ஸியம் படித்தவர், கடைசியில் மதுரைத் தெருக்களில் கரைந்து 1981-ல் செத்தார். கந்தனின் ஒரே ஒரு நாள். தரகு, சாராயம், கடன், கத்தி, மனைவி மீனாவின் மேல் அவனுக்கு இருக்கும் விளங்காத அன்பு. ஏன் இப்படி ஆனான் என்று நாகராஜன் விளக்குவதே இல்லை. குலமில்லை, பரம்பரையில்லை, சமூகவியலில்லை. அனுதாபம்கூட இல்லை என்று அன்று குறை சொன்னார்கள். அனுதாபம் என்பது மேலேயிருந்து கீழே பார்ப்பது. நாகராஜனின் எழுத்தில் எல்லோரும் ஒரே மட்டத்தில் நடக்கிறார்கள். நான் சைக்கிளில் ஸ்டேஷன் ஸ்டேஷனாகப் போன அதே தெருக்கள் அவை. புத்தகம் ஐந்து வருஷமாக என் அலமாரியில் இருந்தது. லாக்கப் கம்பி வழியாகப் பார்த்தபோது அது எனக்கு ஞாபகம் வரவில்லை. இலக்கியம் மனிதனை மாற்றும் என்று கூட்டங்களில் பேசுகிறவர்களிடம் இதைச் சொல்ல நினைப்பேன்.

சிகாகோ சமூகவியலாளர்கள் நகரத்தை வட்டம் வட்டமாகப் பிரித்து, குற்றம் மனிதனில் இல்லை, அவன் வாழும் பகுதியில் இருக்கிறது என்றார்கள். கிளிஃபோர்ட் ஷா 1930-ல் ஒரு வழிப்பறிப் பையனைத் தன் கதையைத் தானே எழுதச் சொல்லி அச்சிட்டார். ஆராய்ச்சியில் அது ஒரு பெரிய திருப்பம். எழுதப்படுகிறவன் கையில் பேனாவைக் கொடுத்தது. நம்மிடம் அது நடந்த விதம் வேறு. எண்பதுகளின் இறுதியில் திருவான்மியூரில் கொலைகள் செய்து மரணதண்டனை பெற்ற ஆட்டோ சங்கர் சிறையில் சுயசரிதை எழுதினான். அதிகாரிகள் சிலரோடு அவனுக்கிருந்த தொடர்பெல்லாம் அதில் வருவதாகப் பேச்சு. 'நக்கீரன்' அதை வெளியிட முனைந்தபோது, அது பொய், போடக்கூடாது என்று சிறைத்துறை எழுதியது. 1994 அக்டோபரில் உச்ச நீதிமன்றம், பொது ஆவணங்களில் உள்ள அளவுக்கு ஒருவன் வாழ்க்கையை அவன் சம்மதம் இல்லாமலும் வெளியிடலாம், முன்கூட்டியே தடுக்க அரசுக்கு உரிமையில்லை என்றது. அதைத் தாண்டினால் அந்தரங்கத்தில் கைவைத்ததாகும் என்றும் சேர்த்தது. 1995 ஏப்ரலில் சேலத்தில் அவனைத் தூக்கிலிட்டார்கள். தொடரை நான் படித்தேன். அதில் உண்மை எவ்வளவு என்பதைவிட, அவன் நடை என்னை உறுத்தியது. ஸ்டேஷன் ரைட்டர் நடையும் சினிமா வசனமும் கலந்தது. தன்னைப் பற்றி எழுத அவனுக்குக் கிடைத்த பாஷை, அவனைப் பற்றி எழுதியவர்கள் செய்து வைத்த பாஷைதான்.

திரும்ப மலைக்கு வருகிறேன். காய்ச்சலுக்குப் பயந்து வந்தவர்கள் உண்டாக்கிய இந்த ஊரில் எண்பதுகளில் காய்ச்சல் அளக்கும் தெர்மாமீட்டர் தொழிற்சாலை வந்தது. பின்னால் ஹிந்துஸ்தான் லீவர் கைக்குப் போனது. 2001 மார்ச்சில் மூஞ்சிக்கல் பழைய இரும்புக் கடையில் பாதரசம் ஒட்டிய உடைந்த கண்ணாடி டன் கணக்கில் இருந்ததை ஊர்க்காரர்களும் சூழலியல்காரர்களும் வெளிக்கொணர்ந்தார்கள். தொழிற்சாலை மூடியது. 2003-ல் கழிவில் ஒரு பகுதியைக் கப்பலேற்றி அமெரிக்காவுக்கு அனுப்பினார்கள். 2016-ல் 591 முன்னாள் தொழிலாளர்களோடு நிறுவனம் உடன்பாடு செய்துகொண்டது. பாதரசம் கலந்த மண் பாம்பார் சோலைப் பக்கம் கிடந்த வருஷங்களில் நான் இந்தச் செய்திகளைத் தேடித்தேடிப் படித்தேன், பழைய தொழில் புத்தியோடு. ஒரு தடவைகூடக் குற்றச் செய்திப் பக்கத்தில் அதை நான் பார்க்கவில்லை. 'பதுங்கியிருந்தபோது' என்ற சொல் வரவில்லை. எவர் மூக்கையும் எவரும் அளக்கவில்லை. மேலே காற்று நன்றாக இருக்கிறது என்று சொல்கிறவர்கள் இப்போதும் கோக்கர்ஸ் வாக்கில் நின்று சொல்லிக்கொண்டிருக்கிறார்கள்.

போன வருஷம் இங்கே ஒரு நண்பர் கேட்டார்: அந்தப் பாத்திரக்கடை மனிதரின் பெயரை வைத்தே எழுதிவிடுங்களேன், விடுதலையான செய்தியை இப்போதாவது போட்டதாக இருக்கும் என்று. தீர்ப்பு நகலின் தேதி எனக்கு நினைவிருக்கிறது. பெயரும் தெருவும் மறக்கவில்லை. எழுத உட்கார்ந்தேன். அவர் இருந்தால் எண்பத்தைந்து தாண்டியிருக்கும். பேரன் பேத்திகள் இருப்பார்கள். ஒரு மத்தியான வேளையில் தாத்தா ஜட்டியோடு லாக்கப்பில் உட்கார்ந்திருந்தார் என்பது அவர்களுக்குத் தெரியாமலே இருக்கலாம். அவரை நிரபராதி என்று எழுதினாலும், முதலில் அதைச் சொல்லித்தான் ஆரம்பிக்க வேண்டும்.

எழுதவில்லை.